கற்செவிக்கு ஒரு கையெழுத்து

கல்லின் மேல்தோலை உரித்தாயிற்று. முப்பத்தோரு ஆண்டுகளாக மேலே படிந்திருந்த சுண்ணாம்பை, வெங்காயச் சருகைவிட மெல்லிய ஏடுகளாக ஒளிக்கத்தி வழித்தெடுத்துவிட்டது. அடியில் மிஞ்சிய ஒற்றை ஏடு இன்னும் ஒரு மணி நேரம்தான் தாங்கும். அதற்குள் படித்தால் உண்டு. இல்லாவிட்டால் குகையின் ஈரக்காற்று அதைத் தின்றுவிடும்.

"அம்மா ஒரு கையெழுத்து போட்டா வேலையைத் தொடங்கிரலாம்," என்று ஜெபசிங் டேப்லெட்டை நீட்டினான்.

சௌந்தரநாயகி அதை வாங்கவில்லை. மடக்கு நாற்காலியில் முதுகு சாயாமல் உட்கார்ந்திருந்தாள். அறுபத்தொன்பது வயது. அகலப்படுத்திய நரிநுழை என்ற குறுகிய குகைவழியாகக் குனிந்தே வந்திருந்தும், தலைக்கவசத்துக்குக் கீழே கொண்டை கலையவில்லை.

"செத்தவன் என் தம்பி. வாரிசு அவன் மக. அவதான் போட்டாச்சே, என் கையெழுத்து எதுக்கு?"

ஜெபசிங் நாகர்கோவில்காரன். கற்செவி என்ற அந்தக் கருவியை இயக்கத் தெரிந்தவர்கள் நாட்டிலேயே ஏழெட்டுப் பேர்தான். அவர்களில் அவன் ஒருவன். காலையிலிருந்து சொன்னதையே சலிக்காமல் மறுபடி சொன்னான். கல்விழுதின் மேல் வழிகிற சுண்ணாம்புத் தண்ணீர் காய்வதற்கு முன்னால், அதன் மேல் விழும் ஒவ்வொரு சத்தமும் ஒரு சின்ன நடுக்கத்தை விட்டுப்போகிறது. காய்ந்ததும் நடுக்கம் உறைந்து நிற்கிறது. அடுத்த ஆண்டின் படிவு அதன் மேல் மூடி போட்டுவிடுகிறது. கற்செவி அந்த நடுக்கத்தைத் தடவிப் படித்து, மறுபடி சத்தமாக்கும். தடவுகிறபோதே ஏடு பொடிந்துவிடும் என்பதால் ஒரே ஒரு முறைதான் கேட்க முடியும்.

"காலையில உரிக்கிறதுக்கு முன்னால மேலோட்டமாப் பாத்ததுல ரெண்டு குரல் இருக்கும்மா. ஒண்ணு ஆம்பளை, ஒண்ணு பொம்பளை. உயிரோட இருக்கவங்க குரல் ஒரு ஏட்டுல இருந்தா, அவங்க சம்மதிக்காம தொடப்பிடாது. சட்டம் அப்படி, பாத்துக்கிடுங்க. அந்த வருசம் இங்க வந்த பொம்பளை நீங்க ஒருத்தருதான்."

"நான் இங்க வரல. நரிநுழைக்கு அந்தப் பக்கம்தான் நின்னேன். அது ஊருக்கே தெரியும்."

ஊருக்குத் தெரிந்தது அதுதான். போடியில் மூன்று தலைமுறையாக ஏலக்காய் வியாபாரத்தில் பேர் வாங்கிய மாடிவீட்டுக் குடும்பம் அவர்களுடையது. அந்த வீட்டுப் பெண் ஒருத்தி காமிராவைத் தூக்கிக்கொண்டு ஆவணப்படம் எடுக்கப் போனதை முதலில் கேலி பேசியவர்கள்கூட, அந்தப் படம் வந்த பிறகு வாயை மூடிக்கொண்டார்கள். 'இந்தப் படத்தில் நடிப்பு இல்லை' என்ற எழுத்தோடு அது தொடங்கும். மேற்கு மலையில் ஆள் நுழையாத ஒரு புடவுக் குகையைத் தேடி அவளுடைய தம்பி திருமாறன் போவான். நரிகூட உடம்பை ஒடுக்கித்தான் போக வேண்டிய ஒரு நுழைவில் ஊர்ந்து, மறுபக்கம் தலையை நீட்டுவான். வெள்ளைக் கல்விழுதுகள் தொங்கும் பெரிய கூடத்தை மனிதக் கண் முதன்முதலாகப் பார்க்கும். அந்த முகம் திரையில் பதினோரு நொடி நிற்கும். மூங்கில் கழியின் நுனியில் சின்ன வண்டி கட்டி, அதில் காமிராவை வைத்து அவனே முன்னால் தள்ளிவிட்டான் என்று படம் சொன்னது. திரும்பும் வழியில், காமிராவை முன்னால் அனுப்பிவிட்ட பிறகு, வெள்ளம் புகுந்து அவன் இறந்தான் என்றும் சொன்னது.

கூடத்துக்கு அவன் பேரை வைத்தார்கள். பள்ளிப் புத்தகத்தில் அரைப்பக்கம் வந்தது. மாடிவீட்டில் சம்பந்தம் பேச வருகிறவர்கள் காப்பியைக் கையில் வாங்கும் முன்பே அந்தப் பதினோரு நொடியைப் பற்றித்தான் பேசுவார்கள்.

உண்மை என்னவென்றால் நாயகி உள்ளே வந்திருந்தாள். தம்பியின் பின்னாலேயே ஊர்ந்து வந்தாள். அவன் முதன்முதலாகக் கூடத்தைப் பார்த்தபோது, அவளுடைய ஃபிலிமில் விழுந்தது அவன் முதுகு மட்டும்தான். அதனால் காமிராவைக் கூடத்துக்குள் முன்னால் நிறுத்திவிட்டு, அவனைத் திரும்பப் போய் மறுபடி வரச் சொன்னாள். விளக்கை மாற்றி, ரீலை மாற்றி, அவன் போய் வர நாற்பது நிமிடம் ஆயிற்று. அந்த நாற்பது நிமிடத்தில் மலைக்கு மேல் பெய்த மழை கீழே வந்துவிட்டது. திரும்பும்போது அவளை முன்னால் அனுப்பினான். அவள் கரையேறியபோது பின்னால் நுழைவு நிரம்பியிருந்தது.

வெளியே கயிறு பிடித்திருந்த மாசாணத்துக்கு இது தெரியும். மறுநாள் குகைவாசலுக்கு வந்த அவளுடைய அப்பாவுக்கும் தெரிந்தது. அவர் அழவில்லை. "புடவு தேடிப் போனான், செத்தான். அம்புட்டுத்தான் கதை. நடிச்சுக் காட்டப் போயிச் செத்தான்னு எவன் வாயிலயும் வரக் கூடாது," என்றார். ஒலிநாடா வெள்ளத்தோடு போய்விட்டது என்று நாயகி சொன்னாள். அது அவள் மடியில்தான் இருந்தது. ஏலக்காய் காயவைக்கும் ஸ்டோரின் அடுப்பில் தன் கையாலேயே போட்டாள். அப்பா போய்ச் சேர்ந்தார். ஆறு வருடத்துக்கு முன்னால் மாசாணமும் போனார். மிச்சம் இருந்தது அவள் ஒருத்தி என்றுதான் இத்தனை நாள் நினைத்திருந்தாள். இந்தக் கல்லை அவள் கணக்கில் எடுக்கவில்லை.

இன்றைக்கு வராமல் இருந்திருக்கலாம். வராவிட்டால் ஏன் வரவில்லை என்று கேள்வி வரும். இப்படி ஒரு வித்தை நடக்கவா போகிறது என்ற அலட்சியமும் இருந்தது.

காமிராவுக்குப் பின்னால் நின்ற நிறைமதி கீழே வந்து, அவள் நாற்காலிக்கு அருகில் மண்டியிட்டாள். திருமாறனின் மகள். அவன் இறந்தபோது பதினோரு மாதக் குழந்தை. தாயும் நாலு வருடத்தில் காய்ச்சலில் போக, நாயகிதான் வளர்த்தாள். இப்போது அவளும் ஆவணப்படக்காரி. எடுத்துக்கொண்டிருப்பது அப்பாவைப் பற்றிய படம்.

"அத்தை, நான் யோசிச்சுப் பாத்தேன். அது வாக்கி டாக்கியாத்தான் இருக்கும். அந்தப் பக்கமிருந்து நீங்க பேசினது அப்பா கையில இருந்த செட்டுல வந்திருக்கும்."

பள்ளத்தில் விழப்போகிறவளுக்குக் கயிறு எறிவதுபோல அதைச் சொன்னாள். நாயகி யோசிக்காமல் பிடித்துக்கொண்டாள்.

"ஆமா. அப்படித்தான் இருக்கும்."

"அப்பச் சரி. பத்திரமா வாடான்னு சொல்லியிருப்பீங்க. அதை நாலு பேரு கேட்டா என்ன? போட்டுருங்க."

பிடித்த கயிறே கழுத்தைச் சுற்றியது. நாயகி மடியில் கைகளைக் கோத்துக்கொண்டாள். செத்தவன் குரலைக் கல்லுக்குள்ளிருந்து பிடுங்குவது தனக்குச் சரியாகப் படவில்லை என்றாள். புண்ணிய காரியம் எல்லாம் செய்து வழியனுப்பியவனை மறுபடி கூப்பிடுவானேன் என்றாள். நிறைமதி பொறுமையாகக் கேட்டாள். ஜெபசிங் மணி பார்த்தான். நாற்பத்தைந்து நிமிடம்தான் இருந்தது.

"எனக்கு முப்பத்திரண்டு வயசாகப்போகுது அத்தை," என்றாள் நிறைமதி. "அப்பா முகம் எனக்குத் தெரியும். பதினோரு நொடி. ஆயிரம் தடவை பாத்திருக்கேன். என் பேரை அவர் எப்படிக் கூப்பிடுவாருன்னு தெரியாது. அது ஒண்ணுதான் கேக்குறேன்."

"எனக்குப் பிடிக்கலைன்னா விடேன்," என்றாள் நாயகி.

நிறைமதி எழுந்தாள். முகம் சிவந்திருந்தது. "சரி. மாட்டேன்னு சொல்றீங்கள்ல, அதையாவது எடுத்துக்கிறேன். காமிராவைப் பாத்துச் சொல்லுங்க," என்று காமிராவுக்கு முன்னால் வந்து நின்று, இரண்டு விரலை மறுகையின் உள்ளங்கையில் சுருக்காக இரண்டு தட்டு தட்டினாள்.

இந்தக் காலத்துக் காமிராக்களுக்கு அது தேவையில்லை. படம் தனியாகவும் ஒலி தனியாகவும் பதிவான நாளில், பிறகு இரண்டையும் பொருத்துவதற்காக ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால் ஒரு தட்டு தட்டுவார்கள். குகைக்குள் பலகை கொண்டுபோக இடம் இருக்காது என்பதால் நாயகி கையால் தட்டுவாள். தண்ணீர் சொட்டும் சத்தத்தோடு ஒற்றைத் தட்டு குழம்பிவிடும் என்பதால் இரட்டையாகத் தட்டுவாள். வேறு யாரும் அப்படிச் செய்து அவள் பார்த்ததில்லை. அவளுடைய எடிட்டிங் அறையில் விளையாடி வளர்ந்த பிள்ளைக்கு மட்டும் அது கையோடு ஒட்டிக்கொண்டது.

கூடம் அந்தச் சத்தத்தை வாங்கி ஒருமுறை உருட்டிவிட்டு அடங்கியது. கற்செவியின் திரையில், வெளிச்சத்தம் காட்டும் கோட்டில், இரண்டு முள் எழுந்து நின்றது. ஜெபசிங் அதைப் பார்த்தான். பழைய ஏட்டின் படத்தைப் பக்கத்தில் இழுத்து வைத்தான்.

"அட, இதுதானா," என்றான் கள்ளமில்லாமல். "காலையில இருந்து இது என்னன்னு மண்டையைக் குடைஞ்சுக்கிட்டு இருக்கேன். பாருங்க, ஒரே போல ரெட்டை முள்ளு. ரெண்டு எடத்துல இருக்கு. நடுவுல விழுந்த சொட்டை எண்ணினா நாப்பது நிமிசம் வருது."

"வாக்கி டாக்கில வந்ததா இருக்குமா?" என்று கேட்டாள் நிறைமதி. கேட்ட குரலிலேயே பதில் தெரிந்திருந்தது.

"இல்லக்கா. செட்டுல வந்தா மழுங்கிப்போயிருக்கும். இது இங்கன நின்னு தட்டினது."

சொன்ன பிறகுதான் அவனுக்கு ஏதோ உறைத்தது. டேப்லெட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு கருவியின் பின்னால் போய் நின்றான்.

நிறைமதி வெகுநேரம் திரையையே பார்த்தாள். பிறகு திரும்பாமல் சொன்னாள்:

"ரெண்டு டேக்."

பிறகு நாயகியின் பக்கம் திரும்பினாள்.

"எனக்கு எப்பவுமே ஒரு சந்தேகம் உண்டு அத்தை. வண்டியில தள்ளின காமிரா அவ்வளவு நேரா எப்படி நிக்கும்னு. காலேஜுல பசங்க கேட்டப்ப சண்டைக்குப் போயிருக்கேன். எங்க அத்தை பொய் சொல்ல மாட்டாங்கன்னு."

"காமிராவை நிறுத்து."

"மாட்டேன்."

நாயகிக்கு அந்த ஒரு சொல் அறைந்ததுபோல் இருந்தது. இந்த வீட்டில் அவளிடம் யாரும் அப்படிச் சொன்னதில்லை. எழுந்து போய்விடலாம் என்று காலை ஊன்றினாள். பிறகு என்ன நினைத்தாளோ, உட்கார்ந்தாள். சேலைத் தலைப்பை இழுத்துச் செருகினாள். லென்ஸை நேராகப் பார்த்து, விசாரணையில் சாட்சி சொல்கிறவளைப்போல, முதலிலிருந்து சொன்னாள். முதுகு மட்டும் விழுந்த முதல் டேக். நாற்பது நிமிடம். வெள்ளம். மடியில் இருந்த ஒலிநாடா. ஸ்டோர் அடுப்பு. அப்பா சொன்ன கதையை உலகத்துக்குச் சொன்னது. எங்கும் குரல் தழுதழுக்கவில்லை. நடிப்பில்லை என்று எழுதிய முதல் அட்டையைப் போட்டது தன் கைதான் என்றும் சொன்னாள்.

சொல்லிக்கொண்டு வரும்போதே, சொல்லாமல் விட வேண்டிய இடம் எது என்று மனம் அளந்துகொண்டிருந்தது.

முதல் டேக் முடிந்ததும் திருமாறன் இதோ இந்தக் கல்விழுதுக்குக் கீழேதான் உட்கார்ந்தான். காற்று மாறுகிறது, மேலே மழை இறங்கிவிட்டது, போதும் என்றான். அவள் விடவில்லை. எப்படிச் சொன்னாலும் அவன் அசையவில்லை. கடைசியாக, "உன் மக நாளைக்குப் பெரியவளாகி எங்கப்பா முகம் எங்கன்னு கேட்டா, முதுகைக் காட்டுறதா? அவளுக்காக ஒரு தடவை போயிட்டு வாடா," என்றாள். அவன் சிரித்தான். "மதிக்காகன்னா நூறு தடவை வருவேன்க்கா," என்று எழுந்து போனான்.

கல்லுக்குள் இருப்பது அதுதான். அந்தப் பெண் கேட்கிற அதே சொல், அவள் பேர், அப்பன் வாயிலிருந்து, ஆசையாக.

பதினாறாம் நாள் காரியத்துக்கு வந்த பெரியம்மா முறைக்காரி ஒருத்தி, தொட்டிலைப் பார்த்து, பிறந்த நேரம் அப்பனை முழுங்கிவிட்டது என்றாள். நாயகி அவளைப் பந்தியில் இலைக்கு முன்னாலிருந்து எழுப்பி வாசலைக் காட்டினாள். அந்தப் பேச்சு பிறகு யார் வீட்டில் எழுந்தாலும் அந்த வீட்டுப் படி மிதிக்க மாட்டாள். ஆனாலும் எங்கேயோ கேட்டுவிட்டு வந்து, பத்து வயதில் மதி சாப்பிடாமல் மூன்று நாள் கிடந்தாள். என்னாலயா அத்தை, என்று கேட்டாள். இல்லை என்று அன்றைக்குச் சாமி படத்தில் அடித்துச் சத்தியம் செய்து கொடுத்தது நாயகிதான். இப்போது கல் வாயைத் திறந்தால் அந்தக் கேள்விக்கு அப்பனே ஆமாம் என்று பதில் சொல்வான்.

"இருபது நிமிசம்," என்றான் ஜெபசிங். அத்தையையும் மருமகளையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, தொண்டையைச் செருமினான். "ஒரு வழி இருக்கும்மா. உங்க குரலை மட்டும் மறைச்சிட்டு, அவரு குரலை மட்டும் எடுக்கலாம். நீங்க என்ன சொன்னீங்கன்னு யாருக்கும் தெரியாது. அதுக்கும் உங்க கையெழுத்து வேணும், அவ்வளவுதான்."

நிறைமதியின் முகத்தில் சட்டென்று வெளிச்சம் வந்தது. கோபத்தை எல்லாம் அப்படியே கீழே போட்டுவிட்டு ஓடிவந்து நாயகியின் கையைப் பிடித்தாள்.

"போதும் அத்தை. எனக்கு அது போதும். நீங்க பேசினது வேண்டாம். என்ன பேசியிருந்தாலும் நான் கேக்க மாட்டேன். அப்பா மட்டும்."

நாயகி அவள் தலைக்கு மேலாக ஜெபசிங்கைப் பார்த்தாள். "அவன் பேசினது முழுசா வருமா?"

"ஒரு சொல்லு குறையாம வரும்மா."

"அதுல எதையாவது விட்டுட்டு எடுக்க முடியுமா?"

"அதெப்படிம்மா முடியும்? அவருல்ல சம்மதிக்கணும்."

"அப்ப வேண்டாம்."

நிறைமதியின் கை அவள் கையிலிருந்து மெல்ல விலகியது. நாயகி இதுவரை வாழ்நாளில் எத்தனையோ பேரின் கோபத்தைப் பார்த்திருக்கிறாள். இது கோபமாக இல்லை. முன்பின் தெரியாத ஒருத்தியைப் பார்ப்பதுபோல மதி அவளைப் பார்த்தாள்.

"எல்லாத்தையும் சொல்லிட்டீங்க. படத்தோட மானம் போச்சு, தாத்தா பேரு போச்சு, உங்க பேரும் போச்சு. இன்னும் எதைக் காப்பாத்துறீங்க?"

நாயகி பார்வையைக் கல்விழுதின் பக்கம் திருப்பினாள்.

"மாடிவீட்டுப் பிடிவாதம். தோத்துட்டோம்னு தெரிஞ்சும், கடைசிக் கதவை மட்டும் பூட்டிச் சாவியை வச்சுக்கணும். அதானே?"

"அப்படியே வச்சுக்க."

தண்ணீர் சொட்டுவது மட்டும் கேட்டது. மதி கல்விழுதுக்கு அருகில் போய் நின்றாள். தொடக் கூடாது என்பதால் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டாள். உரித்த இடம் முதலில் பால்வெள்ளையாக இருந்தது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஓரங்களில் பளபளப்பு ஏறியது. பிறகு நடுவிலும் ஈரம் பூத்தது. ஒருமுறை நாயகியின் வலதுகை தானாக எழுந்து, டேப்லெட் இருந்த பக்கம் கொஞ்சம் நீண்டது. ஜெபசிங் அதைப் பார்த்துவிட்டு ஒரு அடி முன்னால் வந்தான். அவள் அந்தக் கையை இடது கையால் பிடித்து மடியில் அமுக்கி வைத்துக்கொண்டாள்.

கருவி ஒருமுறை கூவியது. ஜெபசிங் குனிந்து பார்த்துவிட்டு, "போச்சு," என்றான். சாவு வீட்டில் பேசுகிற குரலில் சொன்னான். இனிப் படிக்க அதில் ஒன்றும் இல்லை என்றான். கம்பிகளைச் சுருட்டத் தொடங்கினான்.

நிறைமதி கண்ணைத் துடைக்கவில்லை. திரும்பி வந்து காமிராவுக்குப் பின்னால் நின்றுகொண்டாள். அங்கிருந்து பேசியபோது குரலில் அத்தை மருமகள் என்ற உறவு எதுவும் இல்லை.

"ஒரே ஒரு கேள்வி. அதுக்காவது பதில் சொல்லுங்க. அப்பா கடைசியா உங்ககிட்ட என்ன சொன்னாரு?"

"போதும்க்கான்னான். மேல மழை எறங்குது, போயிருவோம்னான். நான் விடல. எனக்கு அவன் முகம் வேணும்னு பிடிவாதம் பிடிச்சேன். போடான்னேன். போனான்."

அவள் எதையும் சேர்க்கவில்லை. நடுவில் ஒரு இடத்தில் வெட்டினாள், அவ்வளவுதான். நாற்பது வருடம் ஃபிலிமை வெட்டி ஒட்டிய கை. ஒட்டு எங்கே என்று மதிக்குத் தெரியவில்லை.

"அவர் வேண்டாம்னு சொல்லியும் அனுப்பினீங்க."

"ஆமா."

"உங்க படத்துக்காக."

"ஆமா. என் படத்துக்காக மட்டும்தான்."

மதி காமிராவை நிறுத்தினாள். நிறுத்திய பிறகும் அதையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு, இதுதான் படத்தின் கடைசிக் காட்சி, இதை மாற்றப் போவதில்லை, ஊர் பார்க்கட்டும், பார்த்துவிட்டு என்ன சொன்னாலும் சொல்லட்டும் என்றாள். அத்தை தடுக்க நினைத்தால் வக்கீலை வைத்துத்தான் தடுக்க வேண்டியிருக்கும் என்றாள்.

நாயகி நாற்காலியிலிருந்து எழுந்தாள். ஜெபசிங் கைகொடுக்க வந்தான். வேண்டாம் என்று தலையசைத்தாள். நரிநுழையின் வாயில் குனிவதற்கு முன் ஒரு கணம் நின்றாள்.

"தடுக்க மாட்டேன். என் முகத்துக்குக் கீழ பேரு போடுவேல்ல?"

மதி லென்ஸுக்கு மூடி போட்டாள்.

"முழுசாப் போடு. எங்கப்பா இனிஷியலோட போடு," என்று சொல்லிவிட்டு, அவள் குனிந்து உள்ளே போனாள்.